நூற்றிருபது கிலோ ஏற்றித் தொண்ணூறு கிலோ குறைந்த வண்டி

சாலை என்னும் கடைத்தெருவில் "கல்லாறு வண்டி" என்றால் அது பகவதிப்பெருமாளைத்தான் குறிக்கும். காலையில் மண்டிகளில் அரிசியும் சர்க்கரையும் பருப்பும் ஏற்றிக்கொண்டு, நெடுமங்காடு, விதுரை தாண்டி, பொன்முடி மலை தொடங்கும் கல்லாறு வரைக்கும் கடைகடையாக இறக்கிவிட்டுச் சாயங்காலம் திரும்பி வருவார். வண்டி அவருடையது, ஓட்டுவதும் அவரேதான்.

அவர் அப்பா சாலையில் ஓர் அரிசி மண்டியில் தராசு பிடித்தவர். மூட்டையின் காதைப் பிடித்து ஒரு தடவை அசைத்துப் பார்த்தாலே இத்தனை கிலோ என்று சொல்லிவிடுவார், ஒரு கிலோகூடத் தப்பாது. அம்மா சீக்கிரமே போய்விட்டாள். பெருமாளை இடுப்பில் தூக்கி வளர்த்தது மூத்தவள் உலகம்மாள், அவரைவிட ஏழு வயது பெரியவள். அவளைப் பாறசாலையில் ஒரு வெற்றிலை வியாபாரிக்குக் கட்டிக் கொடுத்தபோது, தம்பிக்காரன் வண்டிச் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்று நின்ற கதையை அந்தக் குடும்பத்தில் இன்றைக்கும் சொல்லுவார்கள்.

பதினெட்டு வயதில் லாரியில் கிளீனர், இருபத்தைந்தில் டிரைவர், பிறகு இருபத்திரண்டு வருஷம் அடுத்தவர் வண்டி. சொந்த வண்டி வந்தது தொண்ணூற்றிரண்டில். அந்தக் காலத்தில் மினி லாரி என்றால் முன்னால் கேபின், பின்னால் வெறும் இரும்புச் சட்டம், அவ்வளவுதான் வரும். சேசிஸ் என்பார்கள். அதன்மேல் பலகை அடித்துப் பாடி கட்டி, காலி வண்டியாக எடை நிறுத்து, அந்தச் சீட்டோடு வண்டி ஆபீசுக்குக் கொண்டுபோனால்தான் நம்பரும் ஆர்.சி. புத்தகமும் கிடைக்கும்.

பாடி கட்டியவர் ஞானையன். நெய்யாற்றின்கரைப் பக்கம் ஷெட் வைத்திருந்தார். ஞாயிற்றுக்கிழமை சபைக்குப் போகிற நேரம் போக மீதி நேரமெல்லாம் உளியும் கையுமாக இருக்கிற மனிதர். அயனி மரப் பலகையில் அழகாகக் கட்டிக் கொடுத்தார். வண்டி ஷெட்டிலிருந்து இறங்கிய அன்று உலகம்மாள் விடியற்காலையிலேயே பாறசாலையிலிருந்து வந்துவிட்டாள். புது வண்டி வெறுமையாக முதல் ஓட்டம் ஓடக்கூடாது என்பது அவர்கள் வீட்டு முறை. பெருமாளின் மனைவி சுப்புலக்ஷ்மி ஒரு மூட்டை அரிசியும் ஒரு மூட்டை உப்பும் வைத்தாள். உலகம்மாள் தன் பங்குக்கு ஓர் ஏத்தன் வாழைக்குலையைச் சாத்திவிட்டு, நிறைநாழியை மடியில் வைத்துக்கொண்டு அரிசி மூட்டையின்மேல் ஏறி உட்கார்ந்தாள். அரிசி நிறைத்த அந்த நாழியை வழியில் எங்கும் கீழே வைக்கக் கூடாது, பழவங்காடிப் பிள்ளையார் நடையில்தான் வைக்கவேண்டும். அப்படியே போனார்கள், தேங்காய் உடைத்தார்கள், வந்தார்கள். நல்ல நாளில் நல்லபடியாகப் புத்தகமும் வந்தது. காலி வண்டியின் நிறை இரண்டாயிரத்து நானூற்றுப் பத்து கிலோ என்று அதில் எழுதியிருந்தது. பெருமாள் அதைச் சாமி படத்துக்குப் பின்னால் சொருகி வைத்தார்.

ஐந்து வருஷம் வண்டி ஓடியது. வருஷாவருஷம் டெஸ்ட் காட்டினார், பிரேக் பார்த்தார்கள், விளக்கு பார்த்தார்கள், விட்டார்கள். நிறையைப் பற்றி யாரும் கேட்கவில்லை.

தொண்ணூற்றேழில், ஜூனில் தொடங்கும் இடவப்பாதி மழை கொட்டித் தீர்த்தது. கல்லாற்றில் பாலத்துக்குப் பக்கத்தில் கடை வைத்திருந்த ஷாஜி, ஒரு சர்க்கரை மூட்டையின் வாயைத் திறந்து பெருமாளிடம் காட்டினான். உள்ளே பாதி பாகாக இருந்தது.

"பெருமாளண்ணா, இது சர்க்கரையா, பாயசமா?"

"படுதா போட்டுத்தான்டே கெட்டினேன்."

"உங்க படுதாவில எத்தனை ஓட்டைன்னு எண்ணிப் பாத்துட்டு வாங்க. அதுக்கப்புறம் மூட்டை எறக்கலாம்."

பெருமாள் நேரே ஞானையன் ஷெட்டுக்கு வண்டியை விட்டார். மேலே இரும்புக் குழாயில் கூடு கட்டி, நாலு பக்கமும் தகரம் அடித்து, பின்னால் இரண்டு கதவு வைக்கவேண்டும் என்றார். ஞானையன் பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு வண்டியைச் சுற்றி வந்தார்.

"கெட்டலாம் அண்ணாச்சி. ஆனா சும்மா கெட்டப்படாது. மொதல்ல ஆபீஸ்ல எழுதிக் குடுத்து அனுவாதம் வாங்கணும்."

"என் வண்டியில தகரம் அடிக்க யாருகிட்டடே அனுவாதம்?"

"வண்டி ஒம்மதுதான். புத்தகம் சர்க்காருக்கதுல்லா. புத்தகத்துல தொறந்த வண்டின்னு இருக்கு. மூடின வண்டின்னு ஆனா, புத்தகமும் வண்டியும் ரெண்டும் ரெண்டாட்டு ஆயிரும். சின்னச் சாமானம் வச்சா பரவாயில்ல. நூத்துக்கு ரெண்டு வரைக்கும் நிறை கூடினாலும் கொறஞ்சாலும் கேக்கமாட்டாவ."

"எந்த நூத்துக்கு?"

"வண்டி நிறையில நூத்துக்கு ரெண்டு. ஒம்ம வண்டிக்கு நாப்பத்தெட்டு கிலோ. இந்தக் கூடு நூறுக்கு மேல போவும். அதுனால எழுதித்தான் குடுக்கணும். அனுவாதம் வந்த பெறகு வேல. வேல முடிஞ்சா பதினாலு நாளைக்குள்ள நிறுத்த சீட்டோட கொண்டு காட்டணும்."

பெருமாளுக்கு ஒன்றும் பிடிபடவில்லை. கூட்டுவதற்கு முன்னால் ஒரு கடுதாசி, கூட்டிய பிறகு ஒரு கடுதாசி, கொஞ்சம் கூடினால் கடுதாசியே வேண்டாம். மூட்டைக் கணக்கானால் கண்ணை மூடிக்கொண்டு சொல்லுவார். இந்த நூற்றுக்கு இரண்டு மட்டும் தலைக்குள் நிற்காமல் வழுக்கிக்கொண்டே இருந்தது. ஆனாலும் சொன்னதைச் செய்கிற மனிதர். எழுதிக் கொடுத்தார், பதினெட்டு நாள் காத்திருந்தார், அனுமதி வந்தது. ஞானையன் குழாயையும் தகரத்தையும் தராசில் போட்டு நிறுத்து, நூற்றிருபது கிலோ என்று துண்டுக் காகிதத்தில் எழுதிக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார். கூடு ஏறியது. ஷெட்டிலிருந்து நேரே லாரி நிறுக்கும் மேடைக்குப் போய்ச் சீட்டு வாங்கிக்கொண்டு, பெருமாள் ஆபீசுக்குப் போனார். சீட்டில் இருந்த எண்ணை அவர் பார்க்கவே இல்லை. பார்க்க என்ன இருக்கிறது என்று நினைத்தார்.

அங்கே வெஹிக்கிள் இன்ஸ்பெக்டர் ஹரிநாராயணன். வலியசாலை அக்ரகாரத்துக்காரர். ஆபீசில் மலையாளம், தமிழாளைக் கண்டால் வீட்டுத் தமிழ். சீட்டைப் பார்த்தார், புத்தகத்தைப் பார்த்தார், மறுபடியும் சீட்டைப் பார்த்தார்.

"பெருமாள், இங்க வாங்கோ. எவ்வளவு இரும்பு போட்டிருக்கேள்?"

"நூத்தியிருவது கிலோ சார். நிறுத்த சீட்டும் இருக்கு."

"சரி. நூத்தியிருபது கிலோ போட்டா வண்டி கூடணுமா, குறையணுமா?"

பெருமாள் சிரித்தார். இன்ஸ்பெக்டர் தமாஷ் பண்ணுகிறார் என்று நினைத்தார். "கூடணும் சார்."

"குறைஞ்சிருக்கே. புத்தகத்துல ரெண்டாயிரத்து நானூத்திப் பத்து. இப்போ ரெண்டாயிரத்து முந்நூத்தி இருபது. தொண்ணூறு கிலோ குறைச்சல்."

பெருமாள் சீட்டை வாங்கித் தலைகீழாகவும் திருப்பிப் பார்த்தார்.

"இல்ல சார். ஏத்தினது ஏத்தினபடி மேலதான் இருக்கு. வாருங்கோ, காட்டுதேன்."

"கண்ணுக்குத் தெரியறது. அதுதான் எனக்கும் புரியலை. கூட்டின நூத்தியிருபதையும் சேத்தா இருநூத்திப் பத்து கிலோ இந்த வண்டியிலேர்ந்து காணாம போயிருக்கு. என்னத்த வெட்டினேள்?"

"ஒண்ணும் வெட்டல்ல சார்."

"வெட்டாம எப்படிக் குறையும்? சில பேர் பழைய சட்டத்தை மாத்தி வெப்பா. புத்தகம் ஒரு வண்டிக்கு இருக்கும், ஓடறது வேற வண்டியா இருக்கும். அப்படி ஒண்ணும் இல்லையே?"

ஹரிநாராயணன் எழுந்து வெளியே வந்தார். சட்டத்தில் கொத்தியிருந்த நம்பர்மேல் காகிதத்தை வைத்துப் பென்சிலால் உரசி எடுத்துப் புத்தகத்தோடு ஒத்துப் பார்த்தார். ஒத்தது. டேப் பிடித்து முன்சக்கரத்துக்கும் பின்சக்கரத்துக்கும் இடையே அளந்தார். அதுவும் ஒத்தது. கையைத் துடைத்துக்கொண்டு பெருமாளிடம் வந்தார்.

"நம்பர் சரி, நீளம் சரி. நிறை மட்டும் இல்லை. எனக்கே ஒண்ணும் பிடி கிடைக்கலை. முதல்ல நிறுத்தப்போ வண்டி காலிதானே?"

"பழவங்காடிப் பிள்ளையாராணை, காலி வண்டி சார். ஒரு லோடும் கெடையாது."

"அப்போ இருநூத்திப் பத்து கிலோ எங்க போச்சுன்னு பத்து நாளைக்குள்ள எழுதிக் கொண்டு வாங்கோ. புத்தகம் இங்க இருக்கட்டும். அதுவரைக்கும் வண்டியை ஓட்டக் கூடாது. சரியான பதில் இல்லேன்னா ரிஜிஸ்ட்ரேஷனை நிறுத்தி வைக்கும்படி எழுத வேண்டி வரும். எனக்கு வேற வழி இல்லை, கேட்டேளா."

பத்து நாள் கழித்துப் பதில் இல்லை என்றால் வண்டி இல்லை. வண்டி இல்லை என்றால் கல்லாறு இல்லை. ஐம்பத்திரண்டு வயதில் மறுபடி ஒருவருடைய வண்டிக்கு டிரைவராகப் போய் நிற்கவேண்டும். அதுவரை பெருமாளுக்கு விளங்கியது. மற்றது ஒன்றும் விளங்கவில்லை.

மறுநாள் ஞானையன் வந்தார். இரண்டு பேரும் வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள்.

"மரமாக்கும் அண்ணாச்சி," என்றார் ஞானையன். "அன்னைக்கு அயனி பச்சை. அஞ்சு வருசத்துல காஞ்சு போச்சு."

"மொத்தப் பலகையே முந்நூறு கிலோ இருக்காது. அதுல இருநூறு காஞ்சு போவுமாடே?"

"பின்ன என்ன, நான் பலகையத் தின்னேனா?"

"நீரு தின்னீருன்னு நான் சொன்னேனா?"

"சொல்லல்ல. பாத்தீருல்லா, அது போதும்."

ஞானையன் கோபித்துக்கொண்டு போனார், அரை மணி நேரம் கழித்து, வண்டிக்கு அடியில் பாரம் தாங்கும் பாரப்பட்டைகளை ஒவ்வொன்றாக எண்ணினீரா என்று கேட்டுத் திரும்பி வந்தார். எண்ணினார்கள். சரியாக இருந்தது. போல்ட்டுகளை எண்ணினார்கள். ஸ்டெப்னி டயர் இருந்தது. திருவிழாக் கூட்டத்தில் பிள்ளைகளைத் திரும்பத் திரும்ப எண்ணுகிற தகப்பனைப் போல, பெருமாள் தினமும் காலையில் வண்டிக்கு அடியில் படுத்துப் பார்த்துவிட்டு எழுந்தார். எல்லாம் இருந்தது. எல்லாம் இருந்தும் இருநூற்றுப் பத்து கிலோவைக் காணவில்லை.

"கண்ணேறு பட்டிருக்கு," என்றாள் சுப்புலக்ஷ்மி.

"கண்ணு பட்டா டயரு வெடிக்கும், எஞ்சின் நிக்கும். நிறை கொறையுமாட்டீ?"

"எனக்கென்ன தெரியும். ஒங்க அப்பா தராசு பிடிச்சவரு, நீங்கதான் சொல்லணும்."

அந்தப் பேச்சு பெருமாளுக்குச் சுருக்கென்று தைத்தது. மண்டியில் சொன்னார், யாரும் நம்பவில்லை. நிறுக்கும் மேடையில்தான் கோளாறு என்று ஒருவர் சொல்ல, அங்கே போய் விசாரித்தார். முத்திரை வைத்த சான்றைக் காட்டினார்கள். எட்டாம் நாள் மண்டிக்கு ஷாஜியின் போன் வந்தது.

"பெருமாளண்ணா, கடையில அரிசி தீர்ந்துபோச்சு. நான் வேற வண்டி பறயட்டா?"

"ரெண்டு நாள் பொறுடே."

"ரெண்டு நாள்னா ரெண்டு நாளு. அப்புறம் என்னைக் குத்தம் பறயப்படாது."

பெருமாள் வெறுங்கையோடு ஆபீசுக்குப் போய், எழுத ஒன்றும் இல்லை சார், நீங்களே ஒரு தடவை நிறுத்துப் பாருங்கள் என்று கேட்டார். ஹரிநாராயணனுக்கும் அந்த வண்டி மனசில் கிடந்து குடைந்துகொண்டிருந்தது போலிருக்கிறது. பத்தாம் நாள் காலை, தானே மேடைக்கு வருவதாகச் சொன்னார். வீட்டிலிருந்து அங்கே வரைக்கும் ஓட்டிவர ஒரு துண்டு எழுதிக் கொடுத்து, "காலி வண்டியா கொண்டு வரணும்," என்றும் சொல்லி அனுப்பினார்.

அன்று காலை பெருமாள் குளித்து, திருநீறு பூசி, வண்டியிலிருந்த ஜாக்கி, கயிறு, பழைய சாக்கு எல்லாவற்றையும் இறக்கி வைத்தார். தண்ணீர்க் குடத்தைக்கூட விடவில்லை. சுப்புலக்ஷ்மி வந்து நின்றாள்.

"இஞ்ச பாருங்கோ, பத்து நாளு நின்ன வண்டி. புதுசா கூடு வேற போட்டிருக்கு. வெறுமையா எறக்கப்படாது."

"பின்ன?"

"அரிசியும் உப்பும் வாசல்ல கொண்டு வச்சிருக்கு. ஏத்துங்கோ."

பெருமாளும் அது சரிதானே என்று இரண்டு மூட்டையையும் தூக்கி உள்ளே வைத்து, கதவைச் சாத்தினார்.

மேடையில் ஹரிநாராயணன் ஏற்கெனவே வந்து காத்திருந்தார். வண்டி ஏறி நின்றது, பெருமாள் இறங்கினார். உள்ளே இருந்த ஆள் எண்ணைச் சொன்னான். இரண்டாயிரத்து நானூற்று நாற்பத்தைந்து.

ஹரிநாராயணன் பழைய சீட்டை எடுத்துப் பார்த்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு இன்னொரு தடவை பார்த்தார்.

"பத்து நாளைக்கு முன்னாடி முந்நூத்தி இருபது. இன்னிக்கு நானூத்தி நாப்பத்தஞ்சு. நின்ன எடத்துல நின்ன வண்டி, என்ன, சாப்பிட்டுதா?"

குறைந்தது என்று பெருமாள் பத்து நாள் தேடினார். இப்போது கூடியிருக்கிறது. கூடியது நல்லதா கெட்டதா என்றுகூடத் தெரியவில்லை. "நான் ஒண்ணும் செய்யல்ல சார்," என்றார்.

ஹரிநாராயணன் பின்பக்கம் போய்க் கதவைத் திறந்தார்.

"இது என்ன?"

"அரிசியும் உப்பும் சார்."

"காலி வண்டின்னு சொன்னேனே."

"காலிதான் சார்."

"அப்போ இது?"

"இது லோடு இல்ல சார். இது… வச்சது."

"வெச்சதுன்னா?"

"வெறும் வண்டி எறக்கப்படாதுன்னு வீட்டுல வச்சது. விக்கவும் இல்ல, எறக்கவும் இல்ல. திரும்பி வீட்டுக்குத்தான் போவும்."

ஹரிநாராயணன் இரண்டு மூட்டையையும் இறக்கச் சொன்னார். மறுபடி நிறுத்தார்கள். இரண்டாயிரத்து முந்நூற்று இருபது. அவர் மேடையின் ஓரத்தில் உட்கார்ந்து கணக்குப் போட்டார். பெருமாள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். என்ன நடக்கிறது என்று அவருக்கு இன்னும் தெரியவில்லை.

"தொண்ணூத்திரண்டுல, முதல்ல நிறுத்த அன்னிக்கும் இதை வெச்சேளா?"

"வைக்காம எப்படி சார்? புது வண்டியில்லா."

"அரிசி எழுபத்தஞ்சு, உப்பு அம்பது. நூத்தி இருபத்தஞ்சு ஆச்சு. இன்னும் எம்பத்தஞ்சு வேணும். வேற என்ன வெச்சேள்?"

"ஒரு ஏத்தன் குலை. இருவது கிலோ இருக்கும்."

"அறுபத்தஞ்சு பாக்கி."

பெருமாள் யோசித்தார். மேடையில் வண்டி நின்றது, தான் இறங்கியது, உள்ளே இருந்தவன் எழுதியது எல்லாம் கண்முன் வந்தது. பலகை அப்போது புத்தம்புதுசு, நெஞ்சளவு உயரம். அதற்குள்ளிருந்து ஒரு குரல் கேட்டது: ஏலே பெருமாளு, இஞ்ச ஏன் நிக்கி, இன்னும் பழவங்காடி வரல்லியா.

"அக்கா," என்றார் பெருமாள்.

"என்னது?"

"எங்க அக்கா சார். நெறைநாழியக் கீழ வைக்கப்படாதுல்லா. எறங்கல்ல."

ஹரிநாராயணன் வாயைப் பொத்திக்கொண்டார். சிரித்தாரா இருமினாரா என்று தெரியவில்லை. "எங்காத்துல ஸ்கூட்டர் வாங்கினப்போ அம்மா டிக்கியில ஒரு படி அரிசி வெச்சா. நல்லவேளை, ஸ்கூட்டரை யாரும் நிறுக்கலை." பிறகு ஆபீஸ் முகத்துக்குத் திரும்பினார். "இது வாய்ப்பேச்சாப் போனா நான் எழுத முடியாது. அவா நேர்ல வந்து, அன்னிக்கு வண்டியில இருந்தேன்னு முத்திரைத்தாள்ல எழுதிக் கையெழுத்துப் போடணும். அவா நிறையும் நிறுத்துச் சீட்டு வேணும். திங்கக்கிழமை வரைக்கும் பாக்கறேன்."

பெருமாளுக்கு வண்டிக் கணக்கு புரிந்தது. ஆனால் இன்னொரு கஷ்டம் வந்து சேர்ந்தது. உலகம்மாள் அவரோடு பேசி மூன்று வருஷமாகியிருந்தது.

மகள் பிந்துவின் கல்யாணத்தில் வந்த வினை. மூத்த அக்காளுக்குத் தம்பியும் தம்பி பெண்டாட்டியும் நேரில் போய், தட்டில் வெற்றிலை பாக்கு வைத்து அழைக்கவேண்டும். அந்த மாதம் கல்லாற்று ஓட்டம் ஓய்வில்லாமல் இருந்தது. பெருமாள் அழைப்பிதழைத் தபாலில் போட்டார். உலகம்மாள் வரவில்லை, அதற்கப்புறம் பேசவும் இல்லை.

பாறசாலைக்குப் பஸ்ஸில்தான் போனார்கள். சுப்புலக்ஷ்மி தட்டும் வெற்றிலையும் பழமும் மறக்காமல் எடுத்துக்கொண்டாள். உலகம்மாள் வாசலில் வெற்றிலைக் கட்டைப் பிரித்து நனைத்துக்கொண்டிருந்தாள். தலையைத் தூக்கவில்லை.

"என்ன, தபால்காரன் வழி தப்பி வந்துட்டானோ?"

"மதினி, மன்னிக்கணும்," என்றாள் சுப்புலக்ஷ்மி.

"ஒன்னச் சொல்லல்ல சுப்பு. நீ உள்ள வா. அந்தாளு வெளிய நிக்கட்டும்."

பெருமாள் வெளியே நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். இருநூற்றுப் பத்து கிலோ, நூற்றுக்கு இரண்டு, முத்திரைத்தாள், இன்ஸ்பெக்டர். ஒன்றை விட்டு ஒன்றாக, முன்னும் பின்னுமாகச் சொன்னார். உலகம்மாள் வெற்றிலையை நனைப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டாள்.

"சர்க்காருப் புத்தகத்துல என்னையும் சேத்தாலே நிறுத்து எழுதியிருக்கு?"

"ஆமாக்கா."

"அஞ்சு வருசமா?"

"ஆமா."

"மோளு கல்யாணத்துக்கு என்னைய விட்டுட்ட. வண்டிப் புத்தகத்துல சேத்துக்கிட்ட. ஒனக்கு என்ன மூளடே." அவள் எழுந்தாள். "நில்லு, சேலை மாத்திட்டு வாறேன்."

சாலையில் அப்பா வேலை பார்த்த அதே மண்டியில்தான் நிறுத்தார்கள். மூட்டை நிறுக்கும் மேடைத் தராசில், முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு உலகம்மாள் ஏறி நின்றாள். கூலிக்காரர்கள் மரியாதைக்காக முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். பெருமாள் தானே குண்டை நகர்த்தினார். அறுபத்தைந்தில் வைத்தார், நிற்கவில்லை. அறுபதில் வைத்தார், நிற்கவில்லை. ஐம்பத்தொன்றில் நின்றது.

"அக்கா, சரியா நில்லு."

"சரியாத்தானே நிக்கேன்."

இன்னொரு தடவை பார்த்தார். ஐம்பத்தொன்றுதான். அப்பாவைப் போலப் பார்த்த மாத்திரத்தில் நிறை சொல்ல வரும் என்று நினைத்திருந்த மனிதர், அப்போதுதான் அக்காளை நிமிர்ந்து பார்த்தார். கழுத்தெலும்பு தெரிந்தது. கையில் வளையல் முழங்கை வரை ஏறி இறங்கியது.

"என்னக்கா இது?"

"சக்கரை."

"எப்பம்?"

"நீ தபால் அனுப்பின வருசம்."

பெருமாள் தராசுக் குண்டைப் பிடித்தபடி நின்றார். பதினான்கு கிலோ குறைகிறது. இதை எந்தக் கணக்கில் எழுதுவது, யாரிடம் கேட்பது, இன்ஸ்பெக்டர் ஒப்புக்கொள்வாரா, எல்லாம் ஒன்றோடொன்று கலந்தது. வண்டியைப் பற்றிக் கவலைப்படுகிறோமா அக்காளைப் பற்றியா என்றும் அவருக்குத் தெரியவில்லை. கடைசியில் சுப்புலக்ஷ்மிதான் உலகம்மாளின் கையைப் பிடித்து இறக்கினாள்.

திங்கட்கிழமை மூன்று பேரும் ஆபீசுக்குப் போனார்கள். உலகம்மாள் முத்திரைத்தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டு, "சாரே, அன்னைக்கு நான் இதைவிடக் கனமாட்டு இருந்தேன், இவன் பொய் சொல்லல்ல," என்றாள். ஹரிநாராயணன் அவளை உட்காரச் சொன்னார். காகிதங்களை அடுக்கி வைத்துக்கொண்டு கணக்குப் பார்த்தார்.

"பதினாலு கிலோ இடிக்கறது."

பெருமாள் வேட்டியைப் பிடித்துக்கொண்டார்.

"ஆனா நூத்துக்கு ரெண்டுன்னு ஒண்ணு இருக்கே. நாப்பத்தெட்டு கிலோ வரைக்கும் நான் கேக்கவேண்டாம். இது வெறும் பதினாலு." அவர் சிவப்பு மசியை எடுத்து, புத்தகத்தில் இரண்டாயிரத்து நானூற்றுப் பத்து என்பதன்மேல் ஒரு கோடு போட்டு, பக்கத்தில் இரண்டாயிரத்து முந்நூற்று இருபது என்று எழுதினார். திறந்த வண்டி என்பதை அடித்து மூடிய வண்டி என்று எழுதினார். பெரிய ஆபீசரிடம் கையெழுத்து வாங்கி, முத்திரை வைத்துக் கொண்டுவந்து கையில் கொடுத்தார்.

பெருமாள் புத்தகத்தை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். போகாமல் நின்றார்.

"இன்னும் என்ன?"

"இனிமே அரிசி உப்பு வச்சா அது லோடா இல்லியா சார்?"

"நிறுக்கற அன்னிக்கு லோடு. மத்த நாள் என்னைக் கேக்காதேங்கோ."

இது பெருமாளுக்கு விளங்கியதா என்றால், விளங்கவில்லை. ஒரே மூட்டை ஒரு நாள் லோடு, மறுநாள் லோடு இல்லை. வழியெல்லாம் அதையே நினைத்துக்கொண்டு வந்தார். மறுநாள் கல்லாற்றில் ஷாஜி சர்க்கரை மூட்டையைத் திறந்து விரலால் தொட்டுப் பார்த்து, "இது சர்க்கரைதான்," என்றான். அடுத்த ஞாயிற்றுக்கிழமை பெருமாள் அக்காளைப் பாறசாலையில் கொண்டு விட்டார். பின்னால் ஆளை ஏற்றக் கூடாது, அதனால் முன்னால் கேபினில். நிறுக்கும் மேடையைத் தாண்டும்போது உலகம்மாள் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, "வேகமாட்டுப் போடே, கூப்பிட்டு நிறுத்திரப் போறான்," என்றாள். அதிலிருந்து பாறசாலைப் பக்கம் ஓட்டம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் மாதம் ஒரு தடவை பெருமாள் அங்கே போய் நின்றார். மருந்துச் சீட்டை வாங்கிக்கொண்டு வருவார்.

வண்டியை விற்றது இரண்டாயிரத்து நாலில். முழங்கால் வலி வந்துவிட்டது, கிளட்ச் மிதிக்க முடியவில்லை. உலகம்மாள் போய் அப்போது ஏழு மாதம். வாங்க வந்தவன் ஆற்றிங்கல்காரன், விவரமானவன். புத்தகத்தை ஒவ்வொரு தாளாகப் புரட்டினான். சிவப்புக் கோட்டில் விரலை வைத்தான்.

"இது என்ன வெட்டு சேட்டா? கூடு போட்டிருக்கு, நிறை குறைஞ்சிருக்கு?"

பெருமாள் கோட்டைப் பார்த்தார். அரிசியிலிருந்து தொடங்குவதா, உப்பிலிருந்து தொடங்குவதா, தபாலிலிருந்து தொடங்குவதா என்று கொஞ்ச நேரம் யோசித்தார்.

"அது எங்க அக்காவாக்கும்," என்றார்.

வாங்க வந்தவன் அவர் முகத்தைப் பார்த்தான். புத்தகத்தைப் பார்த்தான். பிறகு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, குனிந்து வண்டிக்கு அடியில் பார்த்தான்.